வெயிலும் வீரரும்

(இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் - இயற்பியல்)



சென்ற ஆண்டு ஒரு மாலை வேளையில் விடுதி நண்பர் ஒருவர் பழைய வார இதழைப் புரட்டிக்கொண்டிருந்தார். அதில் வந்திருந்த துணுக்கு ஒன்றை எங்களுக்கு உரக்கப் படித்துக் காட்டினார். பிரான்சு நாட்டில் நடந்த மிதிவண்டிப் பந்தயத்தில் முன்னணியில் சென்ற ஆப்பிரிக்க வீரர் ஒருவர் வழியில் திராட்சை மதுவைக் குடித்துவிட்டு மரத்தடியில் உறங்கிப் போனாராம். விழித்ததும் வண்டியில் ஏறி, வந்த வழியே திரும்பி ஓட்டினாராம். துணுக்கு அவ்வளவுதான். அறையில் இருந்தவர்கள் வயிறு குலுங்கச் சிரித்தார்கள். எனக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. அதற்கான காரணத்தைக் கட்டுரையின் இறுதியில் சொல்கிறேன்.

அந்த வீரர் யார், அன்று உண்மையில் என்ன நடந்தது என்று அறிய விரும்பினேன். நூலகத்திலும் பிற இடங்களிலும் தேடிப் படித்தேன். படித்ததையும், நாம் வகுப்பில் கற்ற வெப்பவியலைக் கொண்டு நானே போட்டுப் பார்த்த கணக்கையும் இங்கே தருகிறேன். பிழையிருப்பின் ஆசிரியர்கள் பொறுத்தருள வேண்டும்.

பந்தயம் எத்தகையது?

"டூர் டி பிரான்ஸ்" என்னும் பந்தயம் 1903-ஆம் ஆண்டு தொடங்கியது. இரு உலகப் போர்களின் காலம் நீங்கலாக ஆண்டுதோறும் நடந்து வருகிறது. ஒரே நாளில் முடியும் பந்தயம் அன்று இது. ஏறத்தாழ மூன்று வாரங்கள் வீரர்கள் நாள்தோறும் ஓர் ஊரிலிருந்து மற்றோர் ஊருக்கு ஓட்டிச் செல்ல வேண்டும். ஒவ்வொரு நாள் ஓட்டத்தையும் ஒரு கட்டம் என்பர். எல்லாக் கட்டங்களுக்கும் ஆன நேரத்தைக் கூட்டி, மிகக் குறைந்த நேரம் எடுத்தவரை வெற்றியாளராக அறிவிப்பர். முன்னணியில் இருப்பவருக்கு மஞ்சள் சட்டை அளிப்பது வழக்கம்.

இதில் ஒரு கடுமையான விதி உண்டு. ஒரு கட்டத்தில் முதலில் வந்தவருக்கு ஆன நேரத்தை வைத்து, இவ்வளவு நேரத்துக்குள் மற்றவர்கள் வந்து சேர வேண்டும் என்று ஒரு வரம்பு கட்டுவார்கள். வரம்பைத் தாண்டி வந்தவர் மறுநாள் புறப்பட முடியாது. வீட்டுக்குத்தான் போக வேண்டும். இந்த விதியை நண்பர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டுகிறேன். பின்னால் இதற்கு வேலை இருக்கிறது.

1950-ஆம் ஆண்டுப் பந்தயத்தின் மொத்தத் தொலைவு 4,773 கிலோமீட்டர், கட்டங்கள் 22. புறப்பட்டவர்கள் 116 பேர், முடித்தவர்கள் 51 பேர். பாதிக்கு மேற்பட்டோர் வழியிலேயே நின்றுவிட்டனர் என்பதிலிருந்து இதன் கடுமையை உணரலாம்.

வட ஆப்பிரிக்கக் குழு

அக்காலத்தில் வீரர்கள் நாட்டுக் குழுக்களாகப் பங்கேற்றனர். பிரான்சு, இத்தாலி, பெல்ஜியம், சுவிட்சர்லாந்து ஆகிய நாடுகளின் குழுக்களோடு 1950-இல் "வட ஆப்பிரிக்கா" என்ற பெயரில் ஒரு சிறு குழுவும் இடம்பெற்றது. அல்ஜீரியா அப்போது பிரான்சின் ஆட்சிக்குட்பட்டிருந்தது. மொராக்கோ 1912 முதல் பிரெஞ்சுப் பாதுகாப்பில் இருந்தது. 1956-இல்தான் விடுதலை பெற்றது. அல்ஜீரியா நீண்ட போருக்குப் பின் 1962-இல் விடுதலை அடைந்தது. ஆகவே இந்தக் குழு எந்த ஒரு நாட்டின் கொடியையும் ஏந்தி வரவில்லை. அதில் அந்நாடுகளில் பிறந்த அல்லது குடியேறிய ஐரோப்பியரும் இருந்தனர். அம்மண்ணின் மைந்தர்களான இசுலாமியரும் இருந்தனர். அப்துல் காதர் ஸாஃப், அகமது கெபைலி ஆகிய இருவரும் பின்னவர்கள். மார்செல் மோலினேஸ் அல்ஜீரியாவில் பிறந்த ஐரோப்பியர். கஸ்டோடியோ டோஸ் ரெய்ஸ் மொராக்கோவிலிருந்து வந்த, போர்த்துக்கீசிய வழியினர்.

நம் துணுக்கில் வந்த வீரர் அப்துல் காதர் ஸாஃப். அவர் 1917-ஆம் ஆண்டு அல்ஜீரியாவில் செப்லி என்னும் ஊரில் பிறந்தார். ஒரு மிதிவண்டி வீரருக்கு இருபத்து மூன்று முதல் இருபத்தொன்பது வரையிலான வயதே பொன்னான காலம். ஸாஃபுக்கு அந்த வயது வாய்த்தபோது உலகப் போர் மூண்டிருந்தது. 1940 முதல் 1946 வரை டூர் பந்தயமே நடைபெறவில்லை. அவர் 1948-இல் முதன்முதலாக அதில் புறப்பட்டபோது வயது முப்பத்தொன்று. அந்த முறை அவரால் முடிக்க இயலவில்லை. 1950-இல் முப்பத்து மூன்று வயதில் மீண்டும் வந்தார். பிறர் ஓய்வைப் பற்றி எண்ணத் தொடங்கும் வயதில் இவர் தொடக்கத்தைப் பற்றி எண்ணிக்கொண்டிருந்தார் எனலாம்.

1950 ஜூலை 27

அவ்வாண்டு ஜூலை மாதத்தில் தென் பிரான்சில் வெயில் கொளுத்தியது. பந்தயத்திலும் ஒரு குழப்பம் நேர்ந்திருந்தது. பைரனீஸ் மலைப் பாதையில் இத்தாலிய வீரர் ஜினோ பர்த்தாலியைப் பார்வையாளர் சிலர் தாக்க முற்பட்டதாகக் கூறி, பதினோராம் கட்டத்தின் முடிவில் இத்தாலியக் குழுக்கள் விலகிக்கொண்டன. மஞ்சள் சட்டையை வென்றிருந்த ஃபியோரென்சோ மாக்னியும் இத்தாலியர் ஆதலால் அவரும் உடன் விலகினார். தலைமை சுவிட்சர்லாந்தின் ஃபெர்டி குப்ளருக்குப் போயிற்று. இறுதியில் பந்தயத்தை வென்றவரும் அவரே.

பதின்மூன்றாம் கட்டம் ஜூலை 27-ஆம் நாள், பெர்ப்பிஞான் நகரிலிருந்து நீம் நகர் வரை நடந்தது. தொலைவு சுமார் 215 கிலோமீட்டர். சமவெளி, இருபுறமும் திராட்சைத் தோட்டங்கள், நிழல் குறைவு. வெயிலுக்கு அஞ்சிப் பெருங்கூட்டம் மெல்லச் சென்றது. அந்த வேளையில் மோலினேசும் ஸாஃபும் கூட்டத்தை விட்டு முன்னே பாய்ந்தனர். வெப்பம் அவர்களுக்குப் பழகியது. மற்றவர்கள் சோர்ந்திருக்கும் நாளே தங்கள் நாள் என்று அவர்கள் எண்ணியிருக்க வேண்டும். எண்ணம் பொய்க்கவில்லை. ஒரு கட்டத்தில் அவ்விருவருக்கும் கூட்டத்துக்கும் இடையே கால் மணி நேரத்துக்கு மேற்பட்ட இடைவெளி உண்டாயிற்று.

நீம் நகருக்கு இன்னும் இருபது கிலோமீட்டர் அளவே இருந்தபோது ஸாஃபின் வண்டி சாலையில் இப்படியும் அப்படியுமாக நெளியத் தொடங்கியது. மோலினேஸ் தனியே முன்னேறினார். ஸாஃப் விழுந்தார். சாலையோரத்து மரத்தடியில் அவரைக் கிடத்தினர். மரத்தில் சாய்ந்து அவர் கிடக்க, ஊர் மக்கள் சுற்றி நிற்கும் புகைப்படம் பின்னாளில் புகழ்பெற்றது. சற்றே தெளிந்ததும் அவர் எழுந்தார், வண்டியில் ஏறினார், புறப்பட்டார். ஆனால் நீம் நகரை நோக்கி அன்று, பெர்ப்பிஞானை நோக்கி! தடுத்து நிறுத்தி மருத்துவமனைக்குக் கொண்டு சென்றனர். அந்தக் கட்டத்தை மோலினேஸ் வென்றார்.

மறுநாள் காலை ஸாஃப் புறப்படும் இடத்துக்கு வந்து, விட்டுப்போன தொலைவை இப்போதே ஓட்டி முடித்துவிடுகிறேன், என்னைச் சேர்த்துக்கொள்ளுங்கள் என்று கேட்டதாக எழுதியிருக்கிறார்கள். விதி இடங்கொடுக்கவில்லை. அந்த நாளின் பதினான்காம் கட்டத்தை அவருடைய குழுவைச் சேர்ந்த மொராக்கோ வீரர் டோஸ் ரெய்ஸ் வென்றார். யாரும் பெரிதாக மதிக்காத ஒரு சிறு குழு அடுத்தடுத்து இரண்டு நாள் முதலிடம் பெற்றது. ஆனால் உலகம் நினைவில் வைத்துக்கொண்டது மரத்தடியில் கிடந்தவரைத்தான்.

மதுக் கதை

மது எப்படி இக்கதையில் வந்தது? ஸாஃபின் உடலில் மது வாடை வீசியது என்பதை எல்லோரும் ஒப்புக்கொள்கின்றனர். எப்படி வந்தது என்பதில்தான் கதைகள் பிரிகின்றன. தாகத்தால் தவித்தவருக்குப் பார்வையாளர் ஒருவர் நீட்டிய புட்டியில் திராட்சை மது இருந்தது. இசுலாமியரான அவருக்கு மதுப் பழக்கம் இல்லை. ஆகவே உடனே மயங்கினார் என்பது ஒரு கதை. மயங்கி விழுந்த பிறகு, பக்கத்துத் தோட்டத்து உழவர்கள் கையிலிருந்த மதுவை அவர் முகத்திலும் உடலிலும் தெளித்துத் தெளிய வைத்தனர். வாடை அதனால் வந்தது என்பது மற்றொரு கதை. அக்காலத்து வீரர்களிடையே ஊக்க மருந்துகள் வெளிப்படையாகவே புழங்கின. அவற்றுக்கும் இதில் பங்கு இருந்திருக்கலாம் என்று கருதுவோரும் உளர்.

மூன்றில் எது உண்மை என்று தீர்ப்புச் சொல்ல நான் முற்படவில்லை. ஆனால் இந்தக் கதைகள் எல்லாவற்றுக்கும் முன்னால் நிற்கும் ஒரு சாட்சியை யாரும் கூப்பிட்டு விசாரிக்கவில்லை. அந்தச் சாட்சி வெயில்.

வெப்பக் கணக்கு

மிதிவண்டி வீரர் சமவெளியில் பெரும்பாலும் போராடுவது காற்றோடுதான். காற்றுத் தடையின் விசை வேகத்தின் இருமடிக்கு நேர்விகிதத்தில் இருக்கிறது. திறன் என்பது விசையும் வேகமும் பெருக்கிய தொகை ஆகையால், காற்றை எதிர்க்கத் தேவைப்படும் திறன் வேகத்தின் மும்மடிக்கு நேர்விகிதத்தில் உயர்கிறது. வேகத்தைப் பத்து விழுக்காடு கூட்ட வேண்டுமானால் திறனை முப்பத்து மூன்று விழுக்காடு கூட்ட வேண்டும் என்று பொருள். பெருங்கூட்டத்தின் நடுவே செல்பவருக்கு முன்னே செல்பவர்கள் காற்றைக் கிழித்துக் கொடுக்கின்றனர். அவருடைய உழைப்பு பெருமளவு குறைகிறது. நூறு பேர் மாற்றி மாற்றிச் செய்யும் வேலையை அன்று மோலினேசும் ஸாஃபும் இருவராகவே செய்தனர்.

அன்று ஸாஃப் செலவிட்ட திறனை யாரும் அளந்து வைக்கவில்லை. கணக்குக்காக 250 வாட் என்று கொள்வோம். பயிற்சி பெற்ற வீரருக்கு இது இயலக்கூடியதே. மனிதத் தசை, தான் பெறும் ஆற்றலில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கைத்தான் இயக்க ஆற்றலாக மாற்றும். எஞ்சிய மூன்று பங்கும் வெப்பமாகும். ஆகவே மிதிகட்டைக்கு 250 வாட் போகும்போது உடலுக்குள் 750 வாட் வெப்பம் பிறக்கிறது. நம் வீடுகளில் துணி தேய்க்கும் மின்பெட்டியை உடலுக்குள் ஓயாமல் எரியவிட்டதற்கு இது சமம்.

இந்த வெப்பம் வெளியேறாவிட்டால் என்ன ஆகும்? எழுபது கிலோ எடையுள்ள உடல். அதன் வெப்ப ஏற்புத்திறன் கிலோவுக்கு 3,500 ஜூல் அளவு. கணக்கிட்டால் ஐந்து அல்லது ஐந்தரை நிமிடத்துக்கு ஒரு டிகிரி வீதம் உடல் சூடேறும். இயல்பான உடல் வெப்பம் 37 டிகிரி. நாற்பதைத் தாண்டினால் ஆபத்து. கால் மணி நேரத்துக்குச் சற்று மேல் போதும்!

அப்படி நேராமல் காப்பது வியர்வை. குளிர்ந்த நாளில் எதிர்க்காற்று உடல் வெப்பத்தின் ஒரு பகுதியை எடுத்துச் சென்றுவிடும். ஆனால் காற்றின் வெப்பம் தோலின் வெப்பத்தை நெருங்கும் நாளில் அந்த வழி அடைபடுகிறது. எஞ்சுவது ஆவியாதல் ஒன்றே. தோலின் மேல் ஒரு கிராம் வியர்வை ஆவியாகும்போது ஏறக்குறைய 2,400 ஜூல் வெப்பத்தை எடுத்துச் செல்கிறது. இதுவே நாம் முதலாண்டில் படித்த உள்ளுறை வெப்பம். ஒரு மணி நேரத்தில் பிறக்கும் வெப்பம் 750 × 3,600, அதாவது 27 இலட்சம் ஜூல். இதை 2,400 ஆல் வகுத்தால் 1,125 கிராம். மணிக்கு ஒரு லிட்டருக்கு மேற்பட்ட வியர்வை! சொட்டிக் கீழே விழுந்து வீணாகும் வியர்வை இதில் சேரவில்லை. மணிக்கு 35 கிலோமீட்டர் வேகம் என்று கொண்டால் 215 கிலோமீட்டருக்கு ஆறு மணி நேரத்துக்கு மேல் ஆகும். ஏறக்குறைய ஏழு லிட்டர் நீர், உடல் எடையில் பத்தில் ஒரு பங்கு!

இந்த ஏழு லிட்டரை ஈடுசெய்ய அவர்களிடம் என்ன இருந்தது? கைப்பிடியிலும் சட்டத்திலும் மாட்டிய சிறு புட்டிகள். இன்றுபோல் பின்தொடரும் காரிலிருந்து வேண்டியபோதெல்லாம் நீர் வாங்கிக்கொள்ள அக்கால விதிகள் விடவில்லை. ஊர்க் குழாயிலும் சாலையோரக் கடையிலும் பார்வையாளர் கையிலும் கிடைத்ததே கிடைத்தது. போதாக்குறைக்கு, ஓட்டத்தின்போது மிகுதியாக நீர் அருந்துவது தீங்கு என்ற தவறான நம்பிக்கையும் வீரர்களிடையே அன்று நிலவியது.

நீர் குறைந்தால் இரத்தத்தின் அளவு குறையும், தோலுக்குச் செல்லும் இரத்தம் குறையும், வியர்வை குறையும், உடல் வெப்பம் ஏறும். ஏறிய வெப்பம் மூளையைத் தாக்கும்போது தோன்றும் அறிகுறிகளைப் பாருங்கள்: தள்ளாட்டம், பேச்சுக் குழறல், இடம் தெரியாமை, திசை தெரியாமை, இறுதியில் மயக்கம். குடிபோதையின் அறிகுறிகளும் இவைதாம்! ஒரு சொட்டு மதுவும் உள்ளே போகாமலே ஒருவர் நெளிந்து நெளிந்து வண்டி ஓட்டலாம்; மரத்தடியில் விழலாம்; எழுந்து திசை மாறிப் போகலாம். மது போயிருந்தாலும்கூட, தாகமே அதைக் குடிக்க வைத்தது.

அன்றைய வெயிலின் கடுமைக்கு இன்னொரு சான்றும் உண்டு. இரண்டு நாள் கழித்து, தூலோனிலிருந்து மாந்தோனுக்குச் சென்ற பதினைந்தாம் கட்டத்தில், வீரர்களில் பலர் வண்டியைக் கரையில் போட்டுவிட்டு நடுநிலக்கடலில் இறங்கிக் குளித்தார்கள். அமைப்பாளர்கள் சினங்கொண்டு அபராதம் விதித்தனர். கடலில் குதித்தவர்களைக் குறும்புக்காரர்கள் என்றனர். வெயிலில் விழுந்தவரைக் குடிகாரர் என்றனர். வெயில் இருவருக்கும் ஒன்றுதான்.

இது வெறும் வேடிக்கை அன்று என்பதைப் பதினேழு ஆண்டுகள் கழித்து உலகம் உணர்ந்தது. 1967 ஜூலை 13-ஆம் நாள், அதே டூர் பந்தயத்தில், தென் பிரான்சின் வெந்து கிடந்த வாந்தூ மலைச் சரிவில் ஆங்கில வீரர் டாம் சிம்சன் நெளிந்து நெளிந்து ஓட்டி, விழுந்து, மீண்டும் ஏற்றிவிடப்பட்டு, மீண்டும் விழுந்து உயிர் துறந்தார். வெயிலும், நீரின்மையும், மதுவும், ஊக்க மருந்தும் சேர்ந்து அவரைக் கொன்றன. அவருக்கு அம்மலையில் நினைவுக்கல் இருக்கிறது. ஸாஃப் அன்று பிழைத்துக்கொண்டார். பிழைத்ததால் வேடிக்கைப் பொருளானார்.

கடைசி இடம்

வேடிக்கையிலும் ஒரு விந்தை நிகழ்ந்தது. டூர் முடிந்த பின் சிற்றூர்களிலும் நகரங்களிலும் காட்சிப் பந்தயங்கள் நடத்துவது அங்கே வழக்கம். பெயர் பெற்ற வீரர்களுக்குப் பணம் கொடுத்து அழைப்பார்கள். வென்ற மோலினேசை விட விழுந்த ஸாஃபைப் பார்க்கவே மக்கள் விரும்பினர். அழைப்புகள் குவிந்தன. அவரும் மறுக்காமல் போனார். பிறர் சிரித்த சிரிப்பைக் கூலியாக மாற்றிக்கொண்டார். இதை இழிவென்று நான் கருதவில்லை. சம்பாதிக்க வந்தவர் சம்பாதித்தார்.

ஆனால் அத்துடன் அவர் நின்றுவிடவில்லை. 1951-ஆம் ஆண்டு, முப்பத்து நான்கு வயதில், மறுபடியும் டூர் பந்தயத்துக்கு வந்தார். அந்த ஆண்டின் தொலைவு 4,690 கிலோமீட்டர், கட்டங்கள் 24. புறப்பட்டவர்கள் 123 பேர். பதினாறாம் கட்டம் கார்க்கசோனிலிருந்து மொம்பெலியே வரை. முந்திய ஆண்டு அவர் விழுந்த அதே தென்னாட்டு வெயில். அன்று கூட்டத்தை உடைத்துக்கொண்டு முன்னே பாய்ந்தவர் யார் தெரியுமா? அதே ஸாஃப்! அவர் தொடங்கி வைத்த பாய்ச்சலில் பெரிய வீரர்களும் சேர்ந்துகொண்டனர். சுவிட்சர்லாந்தின் ஹியூகோ கோப்லே அந்தக் கட்டத்தை வென்றார். பின்னர் பந்தயத்தையும் வென்றார். சில நாட்களுக்கு முன் தம்பி சேர்சேயைப் பந்தய விபத்தில் பறிகொடுத்திருந்த இத்தாலிய மேதை ஃபவுஸ்தோ கோப்பி அன்று உடல் நலமும் குன்றி, முப்பத்து மூன்று நிமிடங்களை இழந்தார். உலகின் தலைசிறந்த வீரர்கள் பங்கு கொண்ட ஒரு வரலாற்று நாளுக்குத் தீ மூட்டியவர் துணுக்கில் வந்த "குடிகாரர்" என்பதை எந்தத் துணுக்கும் சொல்வதில்லை.

அவ்வாண்டு ஸாஃப் பாரிசு வரை ஓட்டி முடித்தார். இடம் அறுபத்தாறு. முடித்தவர்கள் அறுபத்தாறு பேர். அதாவது அவரே கடைசி. முதல்வருக்கும் அவருக்கும் இடையே ஏறக்குறைய ஐந்து மணி நேரம். டூரில் கடைசியாக வருபவரை "செவ்விளக்கு" என்று அழைப்பர். தொடர்வண்டியின் கடைசிப் பெட்டியில் தொங்கும் சிவப்பு விளக்கை வைத்து வந்த பெயர் அது. அந்த விளக்கு எதற்கு? வண்டி முழுவதும் வந்து சேர்ந்துவிட்டது, வழியில் பெட்டி எதுவும் கழன்றுவிடவில்லை என்பதை நிலையத்தாருக்குக் காட்டுவதற்கு. கடைசி விளக்கு தெரிந்தால்தான் வண்டி வந்ததாகக் கணக்கு.

நான் முன்பு சொன்ன கால வரம்பு விதியை இப்போது நினைவுகூருங்கள். கடைசியாக முடிப்பவர் 24 நாட்களும் அந்த வரம்புக்குள் வந்து சேர்ந்தவர். பெயர் பெற்றவர்கள் உட்பட 57 பேர் வழியில் நின்றுவிட்டனர். அவர்களுக்கு இடமே இல்லை. ஸாஃபுக்கு ஓர் இடம் இருக்கிறது. கடைசி என்பதும் ஓர் இடந்தான்.

ஸாஃப் 1986-இல் மறைந்தார். வட ஆப்பிரிக்கா என்ற பெயரில் வந்த குழுவும் மறைந்தது. ஆப்பிரிக்காவிலிருந்து டூருக்குச் செல்லும் பாதை நெடுங்காலம் அரிதாகவே திறந்தது. 2015-இல் எரித்திரியா நாட்டு வீரர்கள் அதில் பங்கேற்றனர். 2024-இல் அதே நாட்டைச் சேர்ந்த பினியாம் கிர்மாய் மூன்று கட்டங்களை வென்று பச்சைச் சட்டையையும் பெற்றார். அவர் வென்றபோது எழுதப்பட்ட செய்திகளில் வேடிக்கை இல்லை, வியப்பே இருந்தது. 1950-க்கும் 2024-க்கும் இடையே வீரர்களின் கால்கள் மாறிவிடவில்லை. பார்த்தவர்களின் கண்கள் சற்றே மாறியிருக்கின்றன.

நான் ஏன் சிரிக்கவில்லை?

தொடக்கத்தில் சொன்ன காரணத்துக்கு வருகிறேன். எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். என் தந்தை மிதிவண்டியில் இளநீர்க் குலைகளைக் கட்டி ஊர் ஊராகச் சென்று விற்பவர். நாற்பது காய், காய்க்கு இரண்டு கிலோ என்றாலும் எண்பது கிலோ. டூர் வீரரின் வண்டியில் இந்தச் சுமை கிடையாது.

நான் பன்னிரண்டாம் வகுப்பு படித்த ஆண்டு, பங்குனி மாதம். தேர்வு முடிந்து பேருந்தில் வந்துகொண்டிருந்தேன். நல்ல உச்சி வெயில். வழியில் சாலையோரம் ஒரு சிறு கூட்டம். யாரோ புளியமரத்தடியில் விழுந்து கிடப்பது கால்களை மட்டும் காட்டியது. "பகல்லயே ஏத்திக்கிட்டான் போல" என்று பேருந்தில் ஒருவர் சொன்னார். எல்லோரும் சிரித்தனர். பேருந்து நிற்கவில்லை. சிரித்தவர்களுள் நானும் ஒருவன்.

மாலையில் வீட்டுக்கு வந்த பிறகுதான் தெரிந்தது, விழுந்து கிடந்தவர் என் அப்பா என்று. பூ விற்கும் பாட்டி ஒருவர் தண்ணீர் தெளித்து, நிழலில் உட்கார வைத்து, உப்புப் போட்ட மோர் வாங்கிக் கொடுத்திருக்கிறார். என் அப்பா தம் வாழ்நாளில் மதுவைத் தொட்டதில்லை. "அத்தனை இளநி இருந்துச்சே, ஒண்ண வெட்டிக் குடிச்சிருக்கலாமேப்பா" என்று அழுதுகொண்டே கேட்டேன். "நான் குடிச்சா விக்கிறது எதுடா?" என்றார். பேருந்தில் நான் சிரித்ததை அவரிடம் இதுவரை சொல்லவில்லை. இந்தக் கட்டுரையில்தான் முதன்முதலாகச் சொல்கிறேன். அவருக்குப் படிக்கத் தெரியாது. யாரேனும் படித்துக் காட்டினால் காட்டட்டும்.

முதலாண்டில் எங்கள் விரிவுரையாளர் உள்ளுறை வெப்பத்தைக் கரும்பலகையில் எழுதியபோது, எனக்கு முதலில் நினைவுக்கு வந்தது அந்தப் புளியமரத்தடிதான். வீட்டுக்குப் போன முதல் விடுமுறையிலேயே 750 வாட் கணக்கை அப்பாவுக்குச் சொன்னேன். முழுதும் விளங்கியதோ என்னவோ தெரியாது. இப்போது வண்டியில் ஒரு தண்ணீர்க் குடுவையும் ஒரு பொட்டலம் உப்பும் கட்டிக்கொண்டு போகிறார். நான் படித்த படிப்பால் என் வீட்டுக்குக் கிடைத்த முதல் பயன் இதுவே.

நண்பர்களே! சாலையோரம் ஒருவர் விழுந்து கிடந்தால் அவர் குடித்தாரா இல்லையா என்பது பிறகு கேட்க வேண்டிய கேள்வி. நிழலுக்குத் தூக்குங்கள், உடலில் நீர் ஊற்றுங்கள், விசிறுங்கள், நினைவிருந்தால் சிறிது சிறிதாக உப்பு கலந்த நீர் கொடுங்கள், நினைவில்லையேல் வாயில் எதையும் ஊற்றாமல் மருத்துவமனைக்குக் கொண்டு செல்லுங்கள். ஸாஃபைச் சுற்றி நின்ற திராட்சைத் தோட்டத்து உழவர்களும், என் அப்பாவுக்கு மோர் கொடுத்த பாட்டியும் இயற்பியல் படித்தவர்கள் அல்லர். ஆனால் அவர்கள் வண்டியை நிறுத்தாமல் போனவர்கள் அல்லர். படித்த நாம் அவர்களை விடக் குறைந்தவர்களாகிவிடக் கூடாது.